அட்டையில் இருக்கும் முகம்

மகளே,

"அப்பா கஞ்சா அடிக்கிறாரு, பிள்ளைங்கள அங்க கூட்டிட்டு வர மாட்டேன்" என்று தொலைபேசியில் சொன்னாயே, அதற்குத்தான் இந்தப் பதில். கஞ்சாவை மருந்தாக வாங்க, மருத்துவர் எழுதித்தந்து, பென்சில்வேனியா மாநில அரசே கொடுத்த அட்டை அவரிடம் இருக்கிறது. அந்தச் சொட்டு மருந்தை நாக்கில் விட்டால்தான் நோய் முற்றிய உன் அப்பாவுக்கு அரைக் கிண்ணம் சூப்பாவது இறங்குகிறது.

அட்டை வைத்திருப்பவர் துப்பாக்கி வைத்திருக்கக் கூடாதாம். உன் அப்பா தன் துப்பாக்கியை உன் சித்தப்பா எர்லிடம் கொடுத்துவிட்டார். மான் வேட்டைப் பருவம் தொடங்கிய அன்று ஊரே காட்டுக்குக் கிளம்ப, இவர் ஜன்னலோரம் உட்கார்ந்து பார்த்தார். போதைக்கு அலைகிற ஆள் செய்யும் காரியமா இது?

நேற்று அந்த மருந்து விற்கும் கடை வாசலில் காவலாளி அட்டையையும் அவரையும் மாறிமாறிப் பார்த்துவிட்டு, "இது நீங்க இல்லையே சார்" என்றான். படத்தில் அவருக்குக் குண்டுக் கன்னம். நான் அவனைக் கிழிகிழியென்று கிழித்துவிட்டேன். உன் அப்பாவோ, "சரியாத்தான் சொல்றே தம்பி, அந்த ஆளு நல்லா சாப்பிடுவான்" என்று சிரிக்கிறார்.

அட்டையைப் புதுப்பிக்க மருத்துவரிடம் போனோம். "இன்னும் ஒரு வருஷத்துக்கு எழுதிடுறேன்" என்றார் அவர்.

"அவ்வளவு எதுக்கு டாக்டர்?" என்றார் உன் அப்பா. மருத்துவர் குனிந்தபடியே படிவத்தில் கையெழுத்துப் போட்டார்.

கஞ்சாவுக்குப் பயந்து வராமல் இருப்பது உன் இஷ்டம். வருவதானால் சீக்கிரம் வா. வாசலில் நின்று நீயும் "இது யாரு?" என்று கேட்டால், உன்னையும் திட்ட எனக்குத் தெம்பில்லை.

கோபம் தீராத,
அம்மா