கோட்டை வாசல் வரை

அக்கா,

இன்று காலை அச்சை வேகவைக்கிற க்யூரிங் மெஷினிலிருந்து முதல் சட்டைப் பீஸ் வெளியே வந்தபோது, சூடான மைப் பேஸ்ட் வாசனையோடு அந்த மரக்கோட்டையும் வந்தது. அமெரிக்காவில் ஓர் ஆற்றங்கரை ஊரில் இருக்கும் நினைவிடத்துக் கடைக்காக வருடா வருடம் நம்மிடம் வருகிற அதே ஆர்டர். கூர் சீவிய மரங்களை நெருக்கி நட்ட சுவர், நடுவில் ஒரு வாசல், மேலே கொடி. நீங்கள் போன பிறகு இதை அச்சடிப்பது இதுதான் முதல் தடவை. கறுப்பு நன்றாகப் பிடித்திருந்தது. நீங்கள் இருந்திருந்தால் நகத்தால் சுரண்டிப் பார்த்துவிட்டு, "இன்னும் கொஞ்சம் வேகணும் ஏட்டி" என்றிருப்பீர்கள்.

நீங்கள் என்னை முதன்முதலில் 'ஏட்டி' என்று கூப்பிட்ட நாளில் நான் பயந்துவிட்டேன். ஒரே பனியன் கம்பெனியில் செக்கிங் டேபிளில் எதிரெதிரே உட்கார்ந்திருந்தோம். நான் குண்டடத்துக்காரி, பேச்சுக்குப் பேச்சு 'ங்க' போடுகிறவள். கோவில்பட்டிப் பக்கத்திலிருந்து வந்த நீங்கள் ஒரே சொல்லில் என்னைத் திட்டுகிறீர்கள் என்றுதான் நினைத்தேன். அது உங்கள் ஊரில் பிரியமாகக் கூப்பிடுவது என்று புரிந்த பிறகு, நீங்கள் என் பேரைச் சொல்லிக் கூப்பிட்டால்தான் எனக்குக் கலக்கமாக இருக்கும். அப்புறம் வேலம்பாளையத்தில் ஒரு பழைய கோடவுனைப் பிடித்து, நாம் இரண்டு பேரும் சேர்ந்து பிரிண்டிங் யூனிட் போட்டதும், வேலைக்குப் பெண்களாகவே சேர்த்துக்கொண்டதும் உங்கள் துணிச்சலில் நடந்தவை.

இந்தக் கோட்டை முதலில் வந்தபோது சட்டையின் முதுகுப் பக்கத்தில் நாலு வரி இங்கிலீஷ் இருந்தது. அர்த்தம் தெரியாத எழுத்தை அச்சடிக்கக் கூடாது என்பது உங்கள் சட்டம். அன்று மாலையே உங்கள் மகள் ஸ்டெல்லாவிடம் காட்டினீர்கள். அவள் அந்த நாலு வரியோடு நிற்காமல் போனில் தேடித் தேடிப் படித்துச் சொன்னாள். மறுநாள் டீ நேரத்தில் எங்களுக்கெல்லாம் கதை ஆரம்பித்தது.

சீமையிலிருந்த வெள்ளைக்கார ராசாவுக்கு அடங்க மாட்டோம் என்று அமெரிக்காவில் குடியேறியவர்கள் சண்டை பிடித்த காலம். நாட்டின் கடைசி எல்லையில் காட்டுக்குள் இருந்த இந்தக் கோட்டையை ராசாவின் படை பிடித்து வைத்திருந்தது. மழையும் குளிருமாக ஆறு கரை புரண்டு கிடந்ததால், வெள்ளம் வடிகிறவரை யாரும் வர மாட்டார்கள் என்று உள்ளே நிம்மதியாக இருந்தார்கள். ஆனால் ராசாவை எதிர்த்து நின்றவர்களில் கொஞ்சம் பேர் அந்த வெள்ளத்திலேயே இறங்கி நடந்து வந்தார்கள்.

"ரெண்டு பக்கமும் வெள்ளைக்காரனுகதானுங்களா?" என்று கேட்டாள் ஸ்கிரீன் கழுவுகிற சாந்தி.

"ஆமாட்டி. ஒருத்தன் ராசாவோட ஆளு. இன்னொருத்தன் ராசாவுக்கு வரி கட்ட மாட்டேன்னு நின்னவன்."

"அப்ப அவங்களுக்குள்ளயே சண்டையாக்கும்."

"எங்க ஊர்ப் பக்கமும் ஒரு கோட்டை இருந்துச்சு. மண்கோட்டை. அங்கயும் வரிச் சண்டைதான். இதே ராசாவோட ஆளுகதான் பீரங்கி வச்சு இடிச்சாங்க. சனம் திரும்பக் கட்டுச்சு. திரும்பவும் இடிச்சாங்க. இப்ப வெறும் மேடு."

அதற்கப்புறம் அந்தக் கதை உங்களுக்குச் சொந்த ஊர்க் கதை ஆகிவிட்டது. எங்களுக்கும்தான். வந்தவர்கள் கொஞ்சம் பேர் என்பது தெரியாமலிருக்க, மேட்டுக்குப் பின்னால் நிறையக் கொடிகளைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு இப்படியும் அப்படியும் நடந்தார்களாம். மேட்டுக்கு மேலே கொடி மட்டும் தெரியும். பார்த்தவர்கள் பெரிய படை வருகிறது என்று நினைத்தார்கள். இதைச் சொல்லும்போது நீங்கள் எழுந்து நின்று, கையிலிருந்த வேஸ்ட் துணியை ஆட்டிக்கொண்டு டேபிளுக்குப் பின்னால் நடந்து காட்டினீர்கள். "துணிய வச்சே பாதி கோட்டையைப் பிடிச்சிட்டான்ட்டி" என்று நீங்கள் சொன்னதும் சாந்தி டீயைச் சிந்திக்கொண்டு சிரித்தாள்.

அந்த வருடம்தான் நம் யூனிட்டுக்குள் தண்ணீர் புகுந்தது. விடிய விடியப் பெய்த மழையில் பள்ளம் நிறைந்து, காலையில் நாம் வந்து பார்த்தபோது தெருவே ஓடையாக இருந்தது. அச்சடித்து முடித்த பீஸெல்லாம் உள்ளே ரேக்கில் இருந்தன. தண்ணீர் கீழ்த்தட்டுக்கு வர அதிக நேரம் ஆகாது. தைக்கிற கம்பெனியின் வேன் மேட்டு ரோட்டில் நின்று ஹாரன் அடித்துக்கொண்டிருந்தது. சாய வாடை அடிக்கிற அந்தக் கறுப்புத் தண்ணீரில் இறங்க யாருக்கும் மனசு வரவில்லை. எனக்கும்தான்.

நீங்கள் செருப்பைக் கழற்றி என் கையில் கொடுத்தீர்கள். தண்ணீரில் மிதந்து வந்து காலடியில் ஒதுங்கிய பேஸ்ட் டப்பாவில் விரலை விட்டு, இரண்டு கன்னத்திலும் கறுப்பைப் பூசிக்கொண்டீர்கள். கதையில் அந்தப் படைத்தலைவன் ஈரமான வெடிமருந்தை முகத்தில் பூசிக்கொண்டு முதல் ஆளாக வெள்ளத்தில் இறங்கினான் என்று முந்தின வாரம்தான் சொல்லியிருந்தீர்கள். சேலையை இடுப்பில் செருகிக்கொண்டு இறங்கிவிட்டீர்கள். தொடை வரை தண்ணீர். திரும்பிப் பார்த்து, "என்னட்டி பாக்குத, மேட்டுல கொடிய ஆட்டவா போற?" என்றீர்கள்.

நாங்கள் சிரித்துக்கொண்டே இறங்கினோம். பண்டல்களைத் தலையில் வைத்து வரிசையாக நடந்தோம். ஒரு பீஸ்கூட நனையவில்லை. அந்தக் கறுப்பு உங்கள் கன்னத்தைவிட்டுப் போக ஒரு வாரம் ஆனது. ஞாயிற்றுக்கிழமை கோயிலில் ஃபாதர் என்ன ஏது என்று கேட்டதற்கு, "யுத்தத்துக்குப் போயிருந்தேன் சாமி" என்று சொன்னதாக வந்து சொன்னீர்கள்.

கதை கோட்டை வாசலுக்கு வந்தபோது நீங்கள் நின்றுவிட்டீர்கள். இரண்டு மூன்று நாள் கேட்டும் சொல்லவில்லை. "என்னாச்சுங்க்கா, கோட்டையைப் பிடிச்சாங்களா இல்லீங்களா?" என்று சாந்தி விடாமல் நச்சரித்தாள்.

"பிடிச்சாங்க."

"அப்பறம் ஏனுங்க மூஞ்சி ஒரு மாதிரி இருக்குது?"

டீ டம்ளரைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னீர்கள். ராசாவின் படைக்குத் துணையாக இருந்த, அந்த மண்ணின் பூர்வகுடி ஆட்கள் சிலர் வெளியே போய்விட்டுத் திரும்பி வரும்போது, முற்றுகை போட்டவர்களிடம் மாட்டிக்கொண்டார்கள். அவர்களைக் கட்டி, உள்ளே இருக்கிறவர்கள் பார்க்கும்படி, கோட்டை வாசலுக்கு எதிரிலேயே கோடரியால் வெட்டினார்கள். கோட்டையும் பணிந்தது.

"அந்த மண்ணு ராசாவுதும் இல்ல, சண்டைக்கு வந்தவனுதும் இல்ல. செத்தாங்கள்ல, அவங்களுது" என்றீர்கள்.

"அப்ப இந்தச் சட்டையை நாம அடிக்கலாமுங்களா?" என்று சாந்திதான் கேட்டாள்.

நீங்கள் அச்சடித்த பீஸ் ஒன்றை எடுத்து மடித்து வைத்தீர்கள். "அடிப்போம். நமக்கும் சோறு வேணும்லா. ஆனா இங்க கத கேக்கவங்களுக்கு முழுசாச் சொல்லணும். கொடிய ஏத்துனாங்கன்னு சொல்லி முடிச்சிரலாம்னுதான் பாத்தேன். முடியல. ராத்திரி சோறு எறங்க மாட்டேங்கு."

போன தை மாதம் ஆஸ்பத்திரியில் உங்களைப் பார்க்க வந்தபோதும் நீங்கள் மாறவில்லை. மூச்சு வாங்கியது. அப்படியும் என் கையைப் பிடித்து இழுத்து, வார்டு சிஸ்டருடைய கோட்டில் அச்சடித்திருந்த எழுத்தைக் காட்டி, "வெடிச்சிருக்கு பாத்தியா. சூடு பத்தல" என்று ரகசியமாகச் சொன்னீர்கள். நாம் இரண்டு பேரும் சிரித்ததில் அந்தச் சிஸ்டருக்கே ஒன்றும் புரியவில்லை. அதுதான் நாம் கடைசியாகச் சிரித்தது. அப்போது தெரிந்திருந்தால் இன்னும் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருப்பேன்.

உங்களை உங்கள் ஊருக்கே கொண்டுபோய் அடக்கம் செய்தார்கள். நாங்கள் எல்லோரும் வேன் பிடித்து வந்திருந்தோம். திரும்பும்போது ஸ்டெல்லா நீங்கள் சொன்ன அந்த மண்கோட்டை மேட்டைக் காட்டினாள். வண்டியை நிறுத்தச் சொல்லி இறங்கிப் போய்ப் பார்த்தோம். வெயிலில் முள் மண்டிய உடைமரங்கள் நின்றன. சாந்தி ஒரு கைப்பிடி மண்ணை எடுத்துப் பார்த்துவிட்டு, அங்கேயே போட்டுவிட்டாள்.

இன்று டீ நேரத்தில் புதிதாகச் சேர்ந்திருக்கிற தனலட்சுமி, பீஸைக் காட்டி இது எந்த ஊர்க் கோட்டை என்று கேட்டாள். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். எனக்கு உங்களைப் போலக் கதை சொல்ல வராது. ஆனாலும் சொன்னேன். வெள்ளத்தைச் சொன்னேன், கொடிகளைச் சொன்னேன். வாசலுக்கு வந்ததும் டீ டம்ளரைக் கழுவ எழுந்தேன். சாந்தி தலையை நிமிர்த்தாமல், "சொல்லுங்க்கா" என்றாள். சொல்லி முடித்தேன்.

தனலட்சுமி கேட்டாள்: "அவங்க ஊட்டுல புள்ளை குட்டியெல்லாம் இருந்திருக்குமில்லீங்க்கா? அவங்கெல்லாம் என்னானாங்க?"

இத்தனை வருடத்தில் நாம் யாரும் இதைக் கேட்கவில்லையே அக்கா. "தெரியல கண்ணு" என்றேன். அவள் வேலைக்குப் போய்விட்டாள். எனக்குத்தான் கை ஓடவில்லை. மத்தியானம் ஸ்டெல்லாவுக்குப் போன் செய்து கேட்டேன். உங்களுக்குத் தேடிக் கொடுத்ததைப் போலவே தேடிப் பார்த்துவிட்டு, சாயந்தரம் கூப்பிட்டாள். அந்த மண்ணைவிட்டு அவர்களையெல்லாம் மேற்கே வெகு தூரத்துக்குத் துரத்திவிட்டார்களாம். ஆனால் அற்றுப்போகவில்லையாம். அவர்களுடைய பேரன் பேத்திகள் இன்றைக்கும் இருக்கிறார்களாம், தங்கள் பாஷையைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்துக்கொண்டு.

நாளைக்குத் தனலட்சுமியிடம் இதைச் சொல்ல வேண்டும். அவளுக்கு முன்னால் உங்களிடம் சொல்லிவிடலாம் என்றுதான் உட்கார்ந்தேன்.