பிளேன் திரும்பிப் போன பின்னேரம்

ஒக். 14, செவ்வாய்

காலமை முழுக்க வெயில். பி.ப. மூண்டுக்குக் கறுத்து இடி. விசுவமடுச் சந்தியில கரண்ட் இல்லை. ஐப்பசி பிறக்க முதலே மழை முந்திட்டுது.

செய்ய இருக்கிறது:
– வான் பின் சில்லுக்குக் காத்து
– முன் அறைக்கு நுளம்பு வலை
– கச்சான் கடலை ஒரு கிலோ
– வியாழக்கிழமை வானுக்கு வாடகை ஹயர் ஒண்டும் எடுக்கிறதில்லை

ஜெசியக்கா சென்னைக்கு வந்திட்டா. கூடப் படிச்ச ஒருத்தி வீட்டில நிக்கிறா. வியாழன் மத்தியானப் பிளேன்ல பலாலிக்கு வாறா.

"கட்டிலோ பாயோ, எதில படுப்பா?" என்ர மனுசி புஷ்பம் கேட்டவள். தெரியேல்லை. அக்கா சுவிஸுக்குப் போய் 26 வருஷம். ஒருநாளும் கேட்டதில்லை.

மூண்டு வருஷத்துக்கு முன் அம்மா செத்ததுக்கு அக்கா வரேல்லை. லீவு கிடைக்கேல்லை எண்டவா. செத்த வீட்டுக்கு வந்த சனத்துக்கு நானும் அதையே சொன்னனான். சொல்லச் சொல்ல எனக்குக் கோபம் ஏறினது. முழுக்க இறங்கேல்லை இன்னும். புஷ்பத்துக்கும் சொன்னதில்லை. இதில மட்டும் எழுதிறன்.

ஒக். 15, புதன்

பின்னேரம் திரும்பவும் இடி. கச்சான் வறுக்கிற மணம் குசினியில இருந்து வந்தது. வானுக்குள்ள இருந்தபடி நெடுநேரம் பழைய யோசினை.

முல்லைத்தீவில, கடற்கரை வீட்டில, எங்களுக்கு நீல வானம்தான் பயம். முகில் ஒண்டும் இல்லாத நாளில அம்மா சோத்துப் பானையை இறக்க முதல் நாலு தரம் மேல பார்ப்பா. குண்டு போடுற பிளேன் இரைச்சல் கேட்டா பங்கருக்குள்ள. பனங்குத்தி, மண் மூட்டை, அக்காவின்ர முழங்கை என்ர விலாவில.

இடி முழங்கினா மட்டும் அம்மா சொல்லுவா: "இனிப் பிளேன் வராது. வெளியில வாங்கோ."

சரியோ பிழையோ, இண்டைக்கும் தெரியாது. நாங்கள் நம்பினனாங்கள். அம்மா கச்சான் வறுப்பா. கதிரையைத் தாழ்வாரத்தில போட்டுக்கொண்டு அக்கா பழைய சஞ்சிகையில இருந்து தொடர்கதை வாசிப்பா, மழைச் சத்தத்துக்கு மேலால கத்திக் கத்தி. கதையின்ர முடிவு இருந்த பக்கம் கிழிஞ்சு போச்சு. ஒவ்வொரு மழைக்கும் அக்கா வேற முடிவு சொல்லுவா. ஒருக்கா எல்லாரையும் சாக்காட்டிப் போட்டா எண்டு நான் அழுதனான்.

அப்பிடி ஒரு மழையிலதான் கடலுக்குப் போன ஒராள் மின்னல் அடிச்சுச் செத்தவர். மூண்டு வீடு தள்ளி. அதுக்குப் பிறகும் எங்களுக்கு இடியில பயம் வரேல்லை.

அந்தப் பின்னேரங்களுக்கு எனக்கு இன்னும் ஆசையா இருக்கு. ஆருக்குச் சொல்லுறது? யுத்தத்துக்கு ஆசைப்படுறான் எண்டு நினைப்பினம். எனக்கு வேணும் எண்டது அம்மாவும் அக்காவும் இருந்த அந்தத் தாழ்வாரம் மட்டும்.

ஒக். 16, வியாழன்

காலமை வெளிச்சம், புழுக்கம். பதினொண்டுக்கு வெளிக்கிட்டன். ஆனையிறவு கடக்கேக்கை தெற்கால முகில் கோபுரம் மாதிரி எழும்பி நிண்டது. பலாலிக்கு ஒண்டரைக்குப் போனன். பிளேன் இரண்டரைக்கு.

இரண்டு பத்துக்கு இருண்டிட்டுது. காத்து, பிறகு மழை. ஒரு மின்னலுக்கும் இடிக்கும் நடுவில மூச்செடுக்க நேரமில்லை. வெளியில வேலை செய்த ஆக்களையும் உள்ள கூப்பிட்டிட்டினம்.

பக்கத்தில நிண்டவர் என்ர வயசு. மானிப்பாயாம். கட்டாரில பிளேன் திருத்திற மெக்கானிக், மனுசியைக் கூட்ட வந்தவர். நான் நகத்தைக் கடிக்கிறதைப் பார்த்திட்டுக் கதை குடுத்தார்.

"மின்னல் அடிச்சுதெண்டா?" எண்டு கேட்டன்.

"அடிச்சாலும் வெளித் தகட்டால ஓடி மற்றப் பக்கத்தால போயிடும் அண்ணை. உள்ளுக்கை இருக்கிற சனத்துக்கு ஒண்டும் செய்யாது. நாங்கள் பிறகு பார்க்கேக்கை சின்னப் பொட்டு மாதிரி எரிஞ்சிருக்கும், அவ்வளவுதான். பயம் காத்துக்கு."

"காத்துக்கோ?"

"முகிலுக்குள்ள ஒரு காத்து மேல தூக்கும், பக்கத்தில இன்னொண்டு கீழ அடிக்கும். உயரத்தில எண்டாச் சமாளிக்கலாம். இறங்கிற நேரம் நிலத்துக்குக் கிட்ட கீழ அடிச்சா, திரும்ப ஏத்தி எடுக்க இடம் காணாது. அதுதான் இடி முகிலுக்குக் கிட்டவும் போகாயினம். ரேடாரில சிவப்பாத் தெரியும், தூரத்தால சுத்துவினம். இப்பிடி ஓடுபாதைக்கு மேலயே நிண்டால் பொறுத்துப் பார்ப்பினம், இல்லாட்டித் திரும்புவினம்."

"உள்ள இருக்கிற ஆக்கள்?"

"பெல்ட்டை இறுக்கிப் போட்டுக்கொண்டு இருக்க வேணும். காயப்படுறது கூடுதலா பெல்ட் போடாத ஆக்கள்தான்."

மூண்டு மணியளவில மேல இரைச்சல். கேட்ட உடனை நான் குனிஞ்சிட்டன். மெக்கானிக் பார்த்தும் பாராத மாதிரி நிண்டார். சத்தம் ஒருக்கா வட்டம் அடிச்சுது, இன்னொருக்கா அடிச்சுது. பிறகு வடக்கால தேய்ஞ்சு போச்சு.

பிளேன் சென்னைக்குத் திரும்பிட்டுது எண்டு அறிவிச்சினம். சனம் முணுமுணுத்தது. "இதென்ன, இவ்வளவு கிட்ட வந்திட்டு" எண்டு ஒரு அம்மா. மெக்கானிக் அவவுக்குச் சொன்னார்: "இறக்கத் தெரியாமல் இல்லை அம்மா. இறக்கக் கூடாதெண்டு தெரிஞ்ச ஆள் ஓட்டுறார்."

ஐஞ்சரைக்குச் சென்னையில இருந்து அக்கா போன் எடுத்தா.

"தம்பி, நான் வரேல்லை. இஞ்ச இருந்தே திரும்பிப் போறன்."

அம்மாவுக்குத்தான் வரேல்லை, இப்பவுமோ எண்டு வாய் நுனி வரைக்கும் வந்தது. விழுங்கினன்.

"அக்கா, பிளேனுக்கு ஒண்டும் நடக்கேல்லை. இறங்கிறது ஆபத்தெண்டு தெரிஞ்சு திருப்பினவங்கள். இந்த முகில் கூடுதலா மத்தியானம் திரும்பினாப் பிறகுதான் எழும்புது. காலமை வானம் வெளிச்சிருக்கும். நாளைக்குக் காலமை ஒன்பதுக்கு விடுகினமாம்."

போனை மற்றக் காதுக்கு மாத்தினன்.

"வாங்கோ எண்டு நான் கட்டாயப்படுத்தேல்லை. ஆனா பத்து மணிக்கு வாசல்ல நிப்பன். நீங்கள் வராட்டியும் நிப்பன்."

போனை வைச்சிட்டா. ஓம் எண்டும் சொல்லேல்லை, இல்லை எண்டும் சொல்லேல்லை.

யாழ்ப்பாணத்தில மச்சான் வீட்டில தங்கல்.

ஒக். 17, வெள்ளி

வானம் கழுவி விட்ட மாதிரி. ஒரு முகில் இல்லை. இண்டைக்கு நீலத்தைப் பார்த்துச் சந்தோசப்பட்டன்.

10.20க்கு இறங்கினது. சனம் வந்துகொண்டே இருந்தது. அக்காவைக் காணேல்லை. கடைசி ஆளும் வந்திட்டுது எண்டு நினைச்சு நான் திரும்பேக்கை, "தம்பி" எண்டு பின்னால.

நரைச்ச தலை, கட்டை மயிர். உயரம் குறைஞ்ச மாதிரி. முகத்தில அம்மா. கையைப் பிடிச்சா, வானடிக்குப் போகும் வரைக்கும் விடேல்லை.

கொடிகாமம் தாண்ட அவ தானாச் சொன்னா. நேற்று ஒருக்காத் தூக்கிப் போட்டதாம். தேத்தண்ணிக் கோப்பை மேல பறந்ததாம். பணிப்பெண்ணும் ஓடிப்போய்க் கதிரையில இருந்து பெல்ட் போட்டதைக் கண்டாப் பிறகுதான் பயம் கூடினதாம்.

"பைலட் பொம்பிளை, தம்பி. பலாலிக்கு மேல இடிமழை நிக்குது, நான் இறங்கேல்லை, எண்ணெய் தாராளமா இருக்கு, திரும்புறம் எண்டு சொன்னா. குரல் பதறேல்லை. இண்டைக்கு ஏறேக்கை கதவடியில அவவே நிண்டா. அந்த முகத்தைக் கண்டுதான் உள்ள காலை வைச்சனான்."

ஆனையிறவு வந்தது. தண்ணியைப் பார்த்துக்கொண்டு சொன்னா:

"அம்மாவுக்கும் நான் வெளிக்கிட்டனான்."

"எப்ப?"

"ரெண்டு தரம். செத்தண்டைக்கு ஒருக்கா, அடக்கத்துக்கு முதல்நாள் ஒருக்கா. சூரிச் எயார்போட்டில பிளேன் வாசல் வரைக்கும் போனன். அந்த இரைச்சலைக் கேட்டவுடனை கால் நகர மாட்டன் எண்டிட்டுது. ரெண்டு தரமும் சூட்கேசோட வீட்டை திரும்பி வந்தனான். லீவு இல்லை எண்டு உனக்குச் சொன்னன். வெக்கமா இருந்தது. இந்த முறை நித்திரைக் குளிசை போட்டுத்தான் சென்னை வரைக்கும் வந்தனான்."

வானை ஓரங்கட்டினன். தண்ணிப் போத்தலை எடுத்துக் குடுத்தன். அவ குடிச்சிட்டு எனக்குத் தந்தா. நானும் குடிச்சன்.

மூண்டு வருஷம். லீவு கிடைக்கேல்லையாம் எண்டு எவ்வளவு பேருக்கு என்ன முகத்தோட சொல்லியிருப்பன்.

ஒக். 18, சனி

அக்கா பாயில படுத்தவா. ஒன்பது மணி வரைக்கும் நித்திரை. புஷ்பத்தோட குசினியில சிரிச்சுக் கேட்குது. ஒரு ஹயரும் எடுக்கேல்லை. வேற ஒண்டும் இல்லை.

ஒக். 19, ஞாயிறு

முல்லைத்தீவு. பூசை முடிய மத்தியானச் சாப்பாடு, பிறகு அம்மாவைப் புதைச்ச சேமக்காலை. மூண்டு மணி. வாசல்ல வானை நிப்பாட்ட, கடல் பக்கம் முழங்கினது.

"இறங்க வேண்டாம் அக்கா. வெட்டவெளி. இதுக்குள்ளேயே இருப்பம்."

கண்ணாடியை ஏத்தினன். மழை பிடிச்சுது. அக்காவின்ர மடியில மெழுகுதிரி, பூ. அம்மாவின்ர கல்லறை எது எண்டு கேட்டா. சுவருக்குக் கிட்ட, மூண்டாவது, நீலச் சிலுவை எண்டன். கண்ணாடியைத் துடைச்சுத் துடைச்சுப் பார்த்தா.

ஒரு மணித்தியாலத்துக்குக் கிட்டச் செண்டது. மழை விட்டு, முழக்கம் தூரப் போய், பிறகு அதுவும் கேட்கேல்லை. இன்னும் கொஞ்சம் பொறுப்பம் எண்டன். பொறுத்தா.

பிறகு நான் கதவில கை வைக்க முதலே அக்கா இறங்கிட்டா. செருப்பைக் கழட்டி வானுக்குள்ள எறிஞ்சுபோட்டு, சேத்துக்குள்ளால நீலச் சிலுவைப் பக்கம் விறுவிறெண்டு நடந்தா. நான் பின்னால போகேல்லை.