முதல் ஜம்ப்

அட்டைப்பெட்டியின் வாசனை உங்களை நினைவுபடுத்துகிறது என்றால் யாரும் சிரிப்பார்கள். வல்லம் வடகால் தொழிற்பேட்டையில் படப்பிடிப்புக்காக வாடகைக்கு எடுத்த காலி ஷெட்டுக்குள் பொழுது விடியும்போதே வந்து உட்கார்ந்திருக்கிறேன். பக்கத்துக் கம்பெனியில் வாங்கிய காலிப் பெட்டிகளை, மேலிருந்து விழுகிறவர்களைத் தாங்க, நேற்று மதியம் நானே அடுக்கி, மேலே மெத்தையும் தார்ப்பாயும் விரித்தேன். அந்த வாசனைதான் ஷெட் முழுக்க. யூனிட் வருவதற்குள் உங்களுக்கு இதை எழுதிவிட வேண்டும்.

உங்கள் மகள் இன்று குதிக்கப் போகிறாள். டைரக்டராக முதல் படம் எடுக்கிறாள், சண்டைக் காட்சிகளுக்கு நான்தான் பொறுப்பு. கதாநாயகி மேல்தளத்திலிருந்து விழும் காட்சி. டூப் போடும் பெண் தயாராக இருக்கிறாள். ஆனால், "முதல்ல நான் குதிக்கிறேன் அத்தை. அப்பா செட்ல அதானே வழக்கம்" என்று நேற்று எல்லோர் முன்னாலும் சொல்லிவிட்டாள். யூனிட் கைதட்டியது.

அந்த வழக்கம் வந்த கதை உங்களுக்கும் எனக்கும்தான் தெரியும். நீங்கள் டைரக்ட் செய்த முதல் சண்டைப் படத்தில் நான் கதாநாயகிக்கு டூப். சண்டைக்காரர்கள் உயரத்தைப் பார்த்துத் தயங்கியபோது, "நான் வுழாத எடத்துல யாரும் வுழ வேணாம்" என்று வீறாப்பாகச் சொல்லிவிட்டீர்கள். ஸ்டூலில் ஏறினாலே கால் நடுங்குகிற மனிதர். மறுநாள் காலை யாரும் வருமுன் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "நீ ஒரு தபா குதிச்சுக் காட்டும்மா. அப்பால நான் பாத்துக்கிறேன்" என்றீர்கள். அரை உயரத்திலிருந்து குதித்தேன், பிறகு முழு உயரத்திலிருந்து. யூனிட் வந்ததும் நீங்கள் குதித்தீர்கள், கண்ணை இறுக மூடிக்கொண்டு. ஊருக்கு முன்னால் உங்களைச் சார் என்பேன், தனியாக இருந்தால் யோவ். அன்றைக்கு, "யோவ், கண்ணத் தொறந்துகினு குதி" என்று காதோரம் சொன்னேன். எத்தனையோ படம் போனது, கடைசிவரை நீங்கள் திறக்கவில்லை.

சிலம்பமும் கராத்தேயுமாக நன்றாக ஓடிக்கொண்டிருந்தபோது திடீரென்று அண்ணன் தங்கை கதை எடுத்தீர்கள். ஒரு அடிதடி கிடையாது. என் பிழைப்பில் மண் விழுந்ததே என்று உங்கள் மேல் அப்படி ஒரு கோபம். ஆனாலும் என்னை வரச்சொல்லிக் கேமரா பக்கத்தில் உட்காரவைத்தீர்கள். தாயாக நடித்தவர் சாவுச் செய்தி கேட்டுச் சரிய வேண்டும். "இவங்க எப்டி வுழுவாங்க, சொல்லு" என்று கேட்டீர்கள். முழங்கால்தான் முதலில் போகும் என்றேன். தியேட்டரில் அந்த இடத்தில் பெண்கள் விம்மினார்கள். அடுத்த படம் படுத்துவிட்டது. பிறகு சீரியல். அதற்கும் பிறகு இந்தப் பக்கத்துத் தொழிற்சாலைகளுக்குப் பாதுகாப்புப் படங்கள், ஹெல்மெட் போடு, மெஷினுக்குள் கை விடாதே என்று. ஒரகடத்தில் டீ குடித்துக்கொண்டே, "இதுவும் சண்டைப் படந்தாம்மா. வில்லன் மெஷினு" என்றீர்கள். நான் கிண்டல் செய்தேன். நீங்கள் சிரிக்கவில்லை.

இப்போது என்ன செய்வது? அப்பா பயமறியாதவர் என்று நம்பிக்கொண்டிருக்கிறவளிடம் போய் உண்மையை உடைக்க எனக்கு மனம் வரவில்லை. சொல்லாவிட்டால், அவளுக்கு முன்னால் நான்தான் குதித்துப் பார்க்க வேண்டும். என் முழங்கால் மாடிப்படிக்கே முனகுகிறது. சரி, எழுந்திருக்கிறேன். அரை உயரம் மட்டும்.

இது மதியச் சாப்பாட்டு நேரம். விட்ட இடத்திலிருந்து எழுதுகிறேன்.

குதித்தேன். பெட்டி அமுங்கவில்லை. தரையில் விழுந்த மாதிரி இடுப்பில் அடி. மூச்சு திரும்பியதும் மெத்தையை இழுத்துப் பார்த்தால், மேல் வரிசை முழுக்கப் பழுப்பு டேப் போட்டு வாயை ஒட்டியிருந்தது. வாய் திறந்திருந்தால்தான் காற்று வெளியே போய்ப் பெட்டி அமுங்கும். நான் திறந்துதான் வைத்திருந்தேன். ஷெட்டைக் கூட்டிப் பெருக்கும் கன்னியம்மா சத்தம் கேட்டு ஓடிவந்தாள். பல வருடம் ஒரு கம்பெனியில் பேக்கிங் வேலை பார்த்தவள்.

"இன்னாக்கா ஆச்சு? நேத்து சாய்ங்காலம் மெத்தைய எடுத்துத் தட்டறப்போ பாத்தேன், பொட்டி எல்லாம் தொறந்துகினு கெடந்துச்சு. நான்தான் ஒட்டினேன். எங்க லைன்ல அப்டி வுட்டா சூப்பர்வைசர் கத்துவாரு."

அவளைத் திட்டி என்ன செய்ய? பழகிய கை, அது சும்மா இருக்குமா? முழு உயரத்திலிருந்து உங்கள் மகள் இதில் விழுந்திருந்தால் என்று நினைத்தபோதுதான் எனக்குப் பயம் பிடித்தது.

திரும்பினால் அவள் வாசலில் நிற்கிறாள்.

"நீ ஏன் இவ்ளோ சீக்கிரம் வந்த?" என்றேன்.

"நீங்க வருவீங்கன்னு பயந்துதான். ஆஸ்பத்திரில அப்பா எல்லாத்தையும் சொல்லிட்டாரு அத்தை. 'எனக்கு முன்னாடி எப்பவும் அவதான் குதிச்சா. நீ படம் எடுத்தா அவளக் குதிக்க வுடாத'ன்னாரு. நான் குதிக்கிறேன்னு சொன்னா நீங்க சும்மா இருப்பீங்கன்னு நெனச்சேன். ராத்திரிதான் சந்தேகம் வந்துச்சு."

யோவ், இதைச் சொல்லிவிட்டுத்தான் போனாயா. இடுப்பைப் பிடித்துக்கொண்டு அழுதேன். கன்னியம்மா பயந்துபோய்த் தண்ணீர் கொண்டுவந்தாள்.

மூன்று பேருமாக டேப்பைக் கிழித்தோம். ஒவ்வொரு பெட்டியையும் அழுத்திப் பார்த்தேன். நீ குதிக்க வேண்டாம் என்று உங்கள் மகளிடம் எவ்வளவோ சொன்னேன், கேட்கவில்லை, உங்கள் பிடிவாதம். அரை உயரம்தான் என்று சத்தியம் வாங்கிக்கொண்டேன். மேலே நின்றவள் உங்களைப் போலவே கண்ணை மூடினாள்.

சாப்பாடு முடிந்ததும் டூப் பெண்ணின் முறை. அதற்குள் மறுபடி மெத்தையைத் தூக்கிப் பார்க்க வேண்டும். நீங்கள் எனக்கு விட்டுப்போனது இந்தப் பயம்தான், அது என்னோடு இருக்கட்டும். ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன். "கண்ணத் தொறந்துகினு குதி" என்று கீழேயிருந்து கத்தினேன். உங்கள் மகள் திறந்தாள்.