கிணற்றுத் தண்ணீர் குடித்த நெல்

ஆசை மச்சாள் யோகா,

அங்கேயும் எல்லோருக்கும் உன்னைத்தான் பிடித்திருக்கிறதா? அஞ்சலிக் கடிதத்தை இப்படித் தொடங்கக்கூடாதுதான். ஆனால் நீ இருந்தபோதே உன்னைப் பார்த்துப் பொறாமைப்பட்டவள் நான் என்பது உனக்குத் தெரியும். நீ போனபிறகாவது அது ஓயும் என்று நினைத்தேன். ஓயவில்லை.

நாவற்குடாவில் பக்கத்துப் பக்கத்து வளவுகளில் வளர்ந்தோம். மாமாவின் மகள் நீ. ஒரே வகுப்பு, ஒரே விவசாயப் படிப்பு, கடைசியில் ஒரே ஆராய்ச்சி நிலையம். உப்பைத் தாங்கும் நெல் ஒன்றைத் தேடி நீ ஒரு வகையை வளர்த்தாய், நான் ஒரு வகையை வளர்த்தேன்.

"எங்கட நெல்லை எங்கட உப்பிலதான் வளர்த்துப் பார்க்கணும்" என்று கூட்டங்களில் சொல்வாய். பணக்கார நாடுகளின் கண்ணாடிக் கூடங்களில் தேறிய விதைகள் இங்கே வந்து, மழை குறைந்த சிறுபோகத்தில் வாவியின் உப்புத் தண்ணீர் ஏறியதும் நுனி கருகிப் படுத்ததை இருவரும்தான் பார்த்தோம். நம்மைப் போன்ற வெயில் நாடுகள் தங்கள் ஆராய்ச்சியைத் தாங்களே செய்யாவிட்டால், அடுத்தவர் வயலுக்குக் கண்டுபிடித்த விடையைத்தான் நம் வயலில் விதைக்க வேண்டிவரும். இதை நானும் சொன்னேன். நான் சொன்னபோது தலையாட்டினார்கள். நீ சொன்னபோது கைதட்டினார்கள்.

சரி, ஊர்ப் புதினம் சொல்கிறேன். சித்தாண்டிப் பக்கம் வாவியோரத்து நெல்வட்டையில், கந்தசாமி அண்ணனின் வயலில் நம் இரண்டு நெல்லையும் நட்டோமே, அறுவடை முடிந்தது. நட்ட அன்றுதான் நீ கடைசியாக வயலுக்கு வந்தாய். பாத்திகளுக்கு இலக்கப் பலகை மட்டும் வைத்தோம், பெயர் வைக்கவில்லை. எது யாருடைய நெல் என்று வயல்காரருக்குத் தெரிந்தால் கை ஒரு பக்கம் சாயும் என்பதற்காக. நீயோ போகிறபோக்கில் அவருக்குக் காட்டிக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறாய்.

அறுவடைக்குப் போனபோது உன் பாத்திகள் தலை சாய்த்துக் கதிர் முற்றி நின்றன. என்னுடையவை நின்றன, அவ்வளவுதான். விதை பெருக்கி விவசாயிகளுக்குக் கொடுக்க ஒரு நெல்லைத்தான் தெரிவுசெய்யலாம். அது உன்னுடையது என்று வரப்பிலேயே தெரிந்துவிட்டது.

"யோகா மிஸ்ட வேளாண்மை எப்பிடிக் கிடக்கு பார்த்தீங்களா?" என்றார் அண்ணன்.

தேத்தண்ணியோடு வந்த அவர் மனைவி ராசம்மா அக்கா சிரித்தார். "கிடக்காம? கிணத்துத் தண்ணியெல்லாம் அதுக்குத்தானே போச்சி. எனக்குக் குளிக்கத் தண்ணியில்ல மிஸ், அந்த நெல்லுக்கு ஒவ்வொரு நாளும் முழுக்கு!"

"நீ சும்மா கிட."

"ஏன், பொய்யா? கலியாணம் முடிச்ச நாள்தொட்டு எனக்கு ஒரு வாளி அள்ளித் தந்திருப்பாரா, கேளுங்க மிஸ்."

எனக்குச் சிரிப்பு வரவில்லை. "அண்ணன், மற்றப் பாத்திக்கும் விட்டீங்களா?"

அவர் நிலத்தைப் பார்த்தார். "இல்ல மிஸ். அந்தப் புள்ள போனதுக்குப் பொறகுதான் விட்டன். அதுவும் போய், அதுட நெல்லும் கருகினா, எப்பிடிப் பார்த்துக்கிட்டு நிக்கிற?"

முதலில் எனக்குள் எழுந்தது சந்தோசம், யோகா. உப்பைக் கிணற்றுத் தண்ணீர் கழுவியிருக்கிறது, உன் வெற்றி வெற்றியே இல்லை! அடுத்த மூச்சில் என்னையே கேட்டுக்கொண்டேன். நாளைக்கு நான் செத்தால் என் நெல்லுக்கு யார் தண்ணீர் விடுவார்? எப்படிக் கணக்குப் பார்த்தாலும் தோற்றவள் நான்தான்.

உண்மையைச் சொன்னால் உன் நெல்லை விலக்கிவிடுவார்கள், என்னுடையது விவசாயிகளிடம் போகும். மறைத்தால் நீ வெல்வாய். ஆனால் நல்ல கிணறு இல்லாத வாவியோரத்துச் சனம் உன் நெல்லை நம்பி விதைக்கும். அது கருகினால் உன்னைத்தான் திட்டுவார்கள். அந்த நினைப்பு ஒரு கணம் எனக்கு இனித்தது. இனித்ததும் பயந்துபோனேன்.

நிலையத்துக்குப் போய்ப் பணிப்பாளரிடம் சொன்னேன். அவர் அலட்டிக்கொள்ளவில்லை. "அப்ப உங்கட நெல்லை அனுப்புவமே. அதுக்கு ஒருத்தரும் தண்ணி விடல்லத்தானே" என்றார். எத்தனை வருடம் காத்திருந்த வாய்ப்பு!

"வேணாம் சேர்" என்றேன். "என்ட நெல்லு உப்பில நிண்டது எண்டு தெரியும். யோகாட நெல்லை விட நல்லதா எண்டு தெரியாது. ரெண்டையும் திரும்பப் போடுவம்."

இதனால் ஒரு வருடம் போகிறது. உப்பேறிய வயல்களை வைத்துக்கொண்டு காத்திருக்கும் சனத்துக்கு அது சின்ன விசயமில்லை. நேர்மையால் அப்படிச் சொன்னேனா, நீ இல்லாத ஓட்டத்தில் முதலாவதாக வர மனம் ஒப்பாத வீம்பாலா?

திரும்ப நடப்போவதைக் கேட்டுக் கந்தசாமி அண்ணனுக்குக் கோபம். "இந்தமுறை எது யாருட நெல்லு எண்டு சொல்லமாட்டன்" என்றேன். "சொல்லாட்டியும் கண்டுபிடிப்பன்" என்றார். அதனால் வயலையே மாற்றிவிட்டேன். கிணறே இல்லாத காணி.

அடுத்த சிறுபோகத்தில் உன் நாற்றை என் கையாலேயே நடுவேன். வாவித் தண்ணீர் ஏறி அது வாடினாலும் ஒரு சொட்டு நல்ல தண்ணீர் விடமாட்டேன், என்னுடையதற்கும் விடமாட்டேன். அழுகை வந்தால் வரப்பில் நின்று அழுவேன். உன் நெல் அந்த உப்பில் தானாக நின்று என்னுடையதை வென்றால், எழுந்து உன் பெயரை முதலில் சொல்பவள் நானாக இருப்பேன். வயிறு எரிய எரியத்தான் சொல்வேன். உயிரோடு இருப்பவளிடம் பொறாமைப்படுவது போலவே.

உன்னை ஒருமுறையாவது நேராக வெல்ல ஆசைப்படும்,
உன் அத்தை மகள்
சுமதி