கரண்டித் தழும்பு

பாப்பா,

வளைகாப்பு முடிஞ்சதும் பிரசவத்துக்குச் சிதம்பரத்துக்கு, அம்மா வீட்டுக்கே போறேன்னு சொன்ன. "அம்மா மாறிட்டாங்கக்கா, சீரியல் பாத்துகூட அழறாங்க"ன்ன. இது போன்ல பேசற விஷயமில்ல. அதான் எழுதறேன்.

அவுங்க அழுததை நானும் பாத்திருக்கேன். என் பிரசவத்துக்கு அங்க போயிருந்தப்ப, சீரியல்ல ஒருத்தி மகளைக் கரண்டியால அடிச்சா. "பெத்தவ இப்படியும் இருப்பாளா"ன்னு அம்மா என் கையைப் பிடிச்சுக்கிட்டு அழுதாங்க. அவுங்க விரல் என் கையில இருக்கற கரண்டித் தழும்பு மேலயே இருந்துச்சு.

அவுங்க நடிக்கல, பாப்பா. டிவியில கெட்ட அம்மான்னா கண்ணை உருட்டுவா, அவ வந்தாலே மியூசிக் மிரட்டும். நம்ம அம்மா குளிச்சு, கோயிலுக்குப் போயிட்டு வந்து, வாசனையா சாம்பார் வெச்சுட்டுத்தானே அடிப்பாங்க. அதனால அந்தக் கெட்ட அம்மா வேற யாரோன்னு நிஜமாவே நம்பறாங்க.

அந்தக் கதையில பேத்தியைத் தூக்கினதும் அந்த அம்மா திருந்திட்டா. நானும் அதை நம்பித்தான் அங்க இருந்தேன். என் பிள்ளைக்குத் தொட்டில் போடறதுக்குள்ள உங்க மாமா வந்து எங்களைக் கூட்டிக்கிட்டு வந்துட்டாரு. ஏன்னு நீ கேக்கல. நானும் சொல்லல. இப்பவும் எழுத வரல.

நீ இங்க செம்மண்டலத்துக்கு, எங்க வீட்டுக்கு வந்துடு. முன் ரூமை ஒழிச்சு வெச்சுட்டேன். மாமா புவனகிரிக்கு, உன் மாமியார் வீட்டுக்கே கார் எடுத்துக்கிட்டு வருவாரு. முதல் பிரசவம் தாய் வீட்டுலதான்னு உன் மாமியார் முறை பேசினா, அவுங்ககிட்ட நான் பேசிக்கறேன்.

அம்மா பிள்ளையைப் பாக்க வரட்டும், மடியில வெச்சுக் கொஞ்சட்டும். சமையல்கட்டுல கரண்டி மட்டும் என் கையிலயே இருக்கட்டும்.

உன் அக்கா