பதினாலாவது எதிர்மனுதாரர்

ஜூலை 9, செவ்வாய்

சாயங்காலம் அவளுக்கு நீதிமன்றத்திலிருந்து தடிமனாக ஒரு பதிவுத் தபால். நின்றபடியே கண்ணாடியை மாட்டிக்கொண்டு படித்தாள். "என்னங்க, பதினாலாவது எதிர்மனுதாரர் நான். ஒன்பதாவது மனுதாரர் யாரு தெரியுமா? நீங்க!" கண்ணில் நீர் வரும்வரை சிரித்தாள். "ஒரே விலாசத்த ரெண்டு தடவை அடிச்சிருக்காங்க பாருங்க."

நானும் சிரித்து வைத்தேன். தேர்வெழுதி நேரடியாக ஆசிரியரான எங்களுக்கு மேலே, சின்ன வகுப்புகளில் தொடங்கிப் பதவி உயர்வில் வந்தவர்களைப் பணிமூப்புப் பட்டியலில் வைத்துவிட்டார்கள். அவர்களைக் கீழே இறக்க வேண்டும், அவர்களுக்குக் கொடுத்த தலைமை ஆசிரியர் பதவியையும் திரும்பப் பெற வேண்டும். இதுதான் வழக்கு. அவள் அப்படி வந்தவள். போன வருஷம்தான் தலைமை ஆசிரியர் ஆனாள்.

விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தபோது எங்கள் 'அரசாணை' சார் மனுவைக் கொண்டுவந்து நீட்டினார். வாயைத் திறந்தால் ஓர் ஆணை எண்ணைச் சொல்வதால் அவருக்கு அந்தப் பெயர். படிக்காமல் கையெழுத்துப் போட்டுவிட்டேன். அவளிடமும் அப்படித்தான் சொன்னேன்.

ஜூலை 10

இன்று அவள் சிரிக்கவில்லை. "நானும் வக்கீல் வைக்கணுமா?" என்று மட்டும் கேட்டாள்.

ஜூலை 14, ஞாயிறு

விடுதியிலிருந்து மகள் போன் பண்ணினாள். "யாரு ஜெயிச்சாலும் பதவி நம்ம வீட்டுக்குத்தானே வருது? அப்புறம் என்னப்பா?" நல்ல கணக்கு. அம்மாவிடம் இதைச் சொல்லாதே என்றேன்.

ஜூலை 26

கண்ணாடியை மறந்துவிட்டுப் போய்விட்டாள். கொடுக்க அவள் பள்ளிக்குப் போனேன். அறையில் ஆள் இல்லை. பின்பக்கம் பெண் பிள்ளைகளின் கழிவறை வாசலில் தச்சரோடு நின்று தாழ்ப்பாளை இழுத்து இழுத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் வருவதற்கு முன் கழிவறை பூட்டியே கிடந்ததாம். பெரிய பிள்ளைகள் மதியத்தோடு வீட்டுக்குப் போய்விடுவார்களாம். இப்போது யாரும் போவதில்லை.

திரும்பும்போது பள்ளி வாசலில் ஒரு கடைக்காரர் கேட்டார்: "எச்.எம். மேடம் வீட்டுக்காரர்தானே?" ஆமாம் என்று சொல்ல எனக்கு ஏன் அவ்வளவு நேரம் ஆனது?

ஆகஸ்ட் 4

படிக்காமல் போட்டேன் என்று எழுதியிருக்கிறேனே, பொய். எனக்கு நானே எழுதுகிற இடத்தில்கூடப் பொய்.

படித்தேன். அவள் பெயர் இருந்தது. அதற்கு முன்னால் இருந்த தலைப்பெழுத்து என் பெயருடையது. பேனா நின்றுவிட்டது. "என்ன சார்?" என்றார் அரசாணை. "மை வரல" என்றேன். அவர் சட்டைப் பையிலிருந்து தன் பேனாவை எடுத்துக் கொடுத்தார். சிரித்தார். போட்டேன்.

ஏன் போட்டேன்? எல்லோரும் போட்டிருந்தார்கள் — அது காரணமில்லை. எனக்கு அந்த நாற்காலி வேண்டும். அவளைவிட நான் மேல் என்று ஒரு தாளாவது சொல்ல வேண்டும். சீ.

ஆகஸ்ட் 18

நான் மட்டும் விலகினால் என்ன என்று அரசாணையிடம் கேட்டேன். "தாராளமா விலகுங்க சார். ஆனா மத்தவங்க கேஸ நடத்திக்கிட்டுத்தான் இருப்பாங்க. மேடத்துக்குப் போறது போகத்தான் போகுது. உங்களுக்கு வர்றதும் வராது, அவ்வளவுதான்." அதைக் கேட்டதும் மனசு லேசானது. லேசானதே என்று வெட்கமாகவும் இருந்தது.

துணி மடித்துக்கொண்டிருந்தவளிடம் சொன்னேன். "அப்புறம் எதுக்கு விலகணும்? ரெண்டு பேரும் வெறுங்கையோட நிக்கவா?" என்றாள். அவள் வாயால் அது வரட்டும் என்றுதான் காத்திருந்தேன். அவளுக்கும் அது தெரிந்திருக்கும். என் சட்டையை மட்டும் இரண்டு தடவை மடித்தாள்.

நவம்பர் 3

எழுதப் பிடிக்கவில்லை.

ஜனவரி 22

ஜெயித்துவிட்டோம். அரசாணை ஆசிரியர் அறையில் எல்லோருக்கும் இனிப்பு கொடுத்தார். நானும் ஒன்று எடுத்துத் தின்றேன்.

வீட்டுக்கு வந்தால், அவளுக்கு ஏற்கெனவே தெரியும். "வாழ்த்துகள்" என்றாள், யாரோ மூன்றாம் மனிதரிடம் சொல்வதைப் போல. சாப்பாடு போட்டாள், தண்ணீர் வைத்தாள். எனக்குத் தாங்கவில்லை. திட்டேன்மா, ஏதாவது சொல்லித் தொலையேன் என்று கத்திவிட்டேன்.

"யாரத் திட்டறது? கையெழுத்துப் போட்டவரையா, பேனா குடுத்தவரையா?"

பேனா விஷயம் எப்படித் தெரியும்?

"உங்க அரசாணை எங்க பள்ளிக்கூடம் வரைக்கும் சொல்லிச் சொல்லிச் சிரிச்சிருக்காரே. நோட்டீஸ் வந்த மறுநாளே தெரியும்."

மறுநாளே. அப்படியானால் ஆகஸ்டில் விலகாதீர்கள் என்று சொன்னபோதும் தெரிந்துதான் சொல்லியிருக்கிறாள். ஆறு மாசமா என் மூஞ்சியப் பாத்துக்கிட்டு எப்படி இருந்தா? நான் எப்படி இருந்தேன்?

பிப்ரவரி 17

கல்வி அலுவலகத்தில் காலியிடங்களைச் சொல்லி, விருப்பத்தைக் கேட்டார்கள். அவள் பள்ளியும் அதில் இருந்தது. அவள் இனி அங்கேயே கணக்கு ஆசிரியர்.

நேற்றே சொல்லிவிட்டாள்: "எடுத்துக்குங்க. வேற யாராவது வந்தா அந்தக் கழிவறையத் திரும்பப் பூட்டிருவாங்க." எடுத்துக்கொண்டேன். அதற்காகத்தான் எடுத்தேன் என்று நினைத்துக்கொள்ள ஆசையாக இருக்கிறது.

மார்ச் 3

பொறுப்பேற்றேன். சாவிக்கொத்தை மேசையில் வைத்து ஒவ்வொன்றாகச் சொன்னாள். இது ஆய்வகம், இது நூலகம், இது கொஞ்சம் இழுத்துத் திருப்பணும். "பிள்ளைங்க கழிவறைக்குச் சாவி கிடையாது. பூட்டு வாங்கிடாதீங்க, சார்."

சார் என்றாள். பள்ளியில் வேறு எப்படிக் கூப்பிடுவாள்?

ஆசிரியர் அறையில் கதவோரம் ஒரு நாற்காலி காலியாக இருந்தது. அதில் போய் உட்கார்ந்தாள். மணி அடித்ததும் பிள்ளைகள் வழக்கம்போல அவளிடம் ஓடினார்கள். என் அறையைக் கை காட்டி அனுப்பினாள்.

மார்ச் 9, ஞாயிறு

வீட்டில் பேசுகிறாள். பால் தீர்ந்துவிட்டது, மகளுக்குச் சளி, மின்விசிறி சத்தம் போடுகிறது. எல்லாம் பேசுகிறாள். "என்னங்க" என்று கூப்பிடுவது மட்டும் இல்லை.

மார்ச் 28, வெள்ளி

கடைசி மணிக்குப் பிறகு என் அறைக்கு வந்தாள். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. ஒரு தாளை நீட்டினாள். இடமாறுதல் விண்ணப்பம். என் வழியாகத்தான் மேலே போக வேண்டும். கேட்டிருந்த ஊர் இங்கிருந்து நாள்தோறும் போய்வருகிற தூரத்தில் இல்லை. காரணம் என்ற இடத்தில் 'சொந்தக் காரணம்' என்று எழுதியிருந்தாள்.

கடைசி வரி வரை படித்தேன். திரும்பவும் படித்தேன். கீழே 'பரிந்துரைக்கிறேன்' என்பதற்கு நேராக நான் கையெழுத்துப் போட வேண்டும். வேண்டாம் என்று என்ன உரிமையில் சொல்வது? பேனாவைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தேன்.

"மை வரலையா, சார்?" என்று தன் பேனாவை மூடி கழற்றி நீட்டினாள்.

நன்றாக எழுதியது.