நீ வாசித்தது பேப்பரில் இருந்தது, மாப்ளே

என் அன்பு மாப்ளே செல்லத்துரைக்கு,

முதலில் என் கையெழுத்தை மன்னித்துக்கொள். ஒரு வரி மேலே ஏறும், அடுத்தது கீழே இறங்கும். தோல் வெட்டிப் பழகிய கை. பேனாவையும் கத்தி மாதிரியே அழுத்துகிறது. ஆனாலும் இது நானே எழுதுவது! எழுபத்திரண்டு வயதில் சாயங்கால வகுப்புக்குப் போய்க் கற்றுக்கொண்டேன். இப்போது தாராவித் தெருவில் கடை போர்டுகளைச் சத்தமாக வாசித்துக்கொண்டே நடக்கிறேன். சிரிக்கிறார்கள். சிரிக்கட்டுமே.

முன்பெல்லாம் ஞாயிற்றுக்கிழமை டீக்கடையில் நீ பேப்பர் வாசிப்பாய். எழுத்துத் தெரியாத நாங்கள் ஏழெட்டுப் பேர் சுற்றி உட்கார்ந்து கேட்போம். ஒருநாள் டைனோசர் பற்றி வாசித்தாய். அவை நடமாடிய காலத்திலேயே, குரங்குக்கும் மனிதனுக்கும் மூதாதையான ஒரு சின்னப் பிராணி மரத்தில் வாழ்ந்திருக்கலாம் என்று.

"ஏல, இவன் பேப்பர்ல இல்லாததையெல்லாம் வாசிக்கான்! நமக்கு எழுத்துத் தெரியாதுன்னு கதை விடுதான்" என்றேன். "அம்புட்டு டைனோசர் கால்லயும் மிதிபடாம உங்க தாத்தா மட்டும் தப்பிச்சாராக்கும்?"

எல்லோரும் சிரித்தார்கள். "இருக்கதத்தான வாசிக்கேன், மச்சான்" என்று பேப்பரை மடித்தாய். அதன்பின் எங்களுக்கு நீ வாசிக்கவே இல்லை. என்னோடு பேசினாய், டீ வாங்கிக் கொடுத்தாய். வாசிக்க மட்டும் இல்லை. நானும் கேட்கவில்லை. இப்போது நீயே இல்லை.

போன வாரம் உன் பெட்டியை ஒழுங்குபடுத்தியபோது உன் வீட்டுக்காரி அன்னம் தங்கச்சி கையில் அந்தப் பேப்பர்ப் பக்கம் கிடைத்திருக்கிறது. "அண்ணே, இதத் தூரப் போட விடவே மாட்டாவ. நீங்கதான் இப்ப வாசிப்பியளே" என்று நீட்டினாள்.

மூன்று நாள் ஆனது, மாப்ளே. விரலை வைத்து வைத்து வாசித்தேன். 'டைனோசர்' என்ற ஒரு சொல்லுக்கே ஒரு டீ ஆறிப்போனது. நீ வாசித்தது அத்தனையும் இருந்தது. டைனோசர்கள் அழிந்த கொஞ்ச காலத்திலேயே வாழ்ந்த அந்தப் பிராணியின் குட்டிப் பற்கள் கிடைத்திருக்கின்றனவாம். அப்போதே அதில் வேறு வேறு வகைகள் இருந்ததால், அதன் முன்னோர் டைனோசர்களோடு இருந்திருக்க வேண்டும் என்கிறார்கள். டைனோசர் காலத்து எலும்பு மட்டும் இன்னும் கிடைக்கவில்லை, அதனால் உறுதியாகச் சொல்வதற்கில்லை என்றும் போட்டிருக்கிறது. அதையும் நீ வாசித்திருப்பாய். நான்தான் அதற்குள் வாயைத் திறந்துவிட்டேன்.

அந்தப் பிராணியை நினைத்தால் எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. எலி அளவுதானாம்! கீழே மலை மாதிரி ஒன்று நடந்து போக, இது கிளையில் உட்கார்ந்து எதையோ கொறித்திருக்கும். பயந்திருக்குமா? இல்லை, உலகமே இப்படித்தான் என்று இருந்திருக்குமா? நாம் முதன்முதல் ஊரிலிருந்து வந்து தாதர் ஸ்டேஷனில் இறங்கி, அத்தனை பஸ்ஸுக்கு நடுவே நின்று வடாபாவ் தின்றோமே, அந்த மாதிரி?

ஆனால் உன்னைப் பொய்யன் என்றது பலர் நடுவில். மன்னிப்பை மட்டும் காகிதத்தில் தனியாகக் கேட்டால் போதுமா?

வருகிற ஞாயிறு அந்தப் பக்கத்தோடு அதே டீக்கடைக்குப் போகிறேன். அன்று சிரித்தவர்களில் நாலு பேர் இன்னும் வருகிறார்கள். தப்பு என்னுடையது என்று முதலில் சொல்லிவிட்டு, முதல் வரியிலிருந்து வாசிப்பேன். திக்குவேன், நேரமாகும். உட்கார்ந்து கேட்டார்களா, எழுந்து போனார்களா என்று அடுத்த வாரம் உனக்கு எழுதுகிறேன். நடக்காத ஒன்றைக்கூடச் சேர்க்க மாட்டேன்.

உன் மச்சான்,
சுடலைமுத்து